ஓடாத காருக்கு என்ன ஆயில் ஊற்றுவது?

டர்போ வைத்த பெட்ரோல் காருக்கு எந்த ஆயிலை ஊற்ற வேண்டும் என்று ஒரு நாள் ஒர்க்‌ஷாப்புக்கு வந்து சொல்லித் தரும்படி கேட்டிருந்தீர்கள். வரவில்லை, எழுதித் தருகிறேன். நேரில் வந்தால் உங்களில் எவனாவது கொட்டாவி விடுவான், எனக்குச் சுருக்கென்று கோபம் வரும், பழைய ஃபோர்மேன் ரிட்டயர்டு ஆகியும் திருந்தவில்லை என்று பேசிக்கொள்வீர்கள். எழுதும்போது அந்தத் தொல்லை இல்லை.

கேள்விக்கான பதில் ரொம்பச் சின்னது. வண்டியோடு வரும் புத்தகத்தில் ஆயிலின் எண் போட்டிருக்கும், தரம் போட்டிருக்கும். அதே எண்ணை வாங்குங்கள். தரத்தில் அதற்கு மேலே போகலாம், கீழே இறங்கக் கூடாது. கிலோமீட்டர் ஓடாவிட்டாலும் வருஷத்துக்கு ஒரு தடவை மாற்றிவிட வேண்டும். அவ்வளவுதான். இதற்கு நான் எதற்கு?

ஆனால் நம் ஊரில் இந்தப் பதிலை வாங்கிக்கொண்டு யாரும் பேசாமல் வீட்டுக்குப் போவதில்லை. பம்புசெட் இன்ஜின், டிராக்டர், லோடு ஆட்டோ என்று பழகிய ஊர் இது. ஆயில் என்றால் கெட்டியாக இருக்க வேண்டும், இரண்டு விரலுக்கு நடுவே வைத்துப் பிரித்தால் நூல் விட வேண்டும். ஒட்டன்சத்திரம் பக்கத்திலிருந்து ஒரு காய்கறி வியாபாரி புது டர்போ காரோடு முதல் சர்வீசுக்கு வந்தார். நான் ஊற்றிய ஆயிலைப் பார்த்ததும் அவர் முகம் சுண்டிப் போனது. “ஏனுங்க, இது தண்ணியாட்டம் ஓடுதுங்களே, நல்ல ஆயிலு தீந்து போச்சுங்களா?” என்றார். பொறுமையாக எடுத்துச் சொன்னேன். நன்றாகத் தலையை ஆட்டினார். ஊருக்குப் போய் அதை வடித்துவிட்டு, தோட்டத்து டிராக்டருக்கு வைத்திருந்ததை ஊற்றிக்கொண்டார். மார்கழிக் குளிரில் காலையில் கிளப்பிய கையோடு வண்டியை விரட்டியிருக்கிறார். பொங்கல் கழிந்து வந்தபோது டர்போ ஊளையிட்டது, பின்னால் நீலப் புகை. “அத்தனை கெட்டி ஆயிலுங்க, எப்படிங்க போச்சு?” என்று என்னிடமே கேட்கிறார். வேறு டர்போ போட்டு அனுப்பினேன்.

டர்போ என்பது இன்ஜின் தள்ளும் புகையால் சுற்றுகிற ஒரு சின்னச் சக்கரம். அது சுற்றும் வேகத்தை நினைத்தால் நமக்குத் தலை சுற்றும். அதன் நடுத்தண்டைத் தாங்கி நிற்பது மெல்லிய ஆயில் படலம் மட்டும்தான். குறுகலான குழாய் வழியாக ஆயில் அங்கே சட்டென்று ஓடிச் சேர வேண்டும், அடுப்புக்குள் இருக்கிற மாதிரியான சூட்டில் கருகாமல் திரும்பி வரவும் வேண்டும். அதற்குத்தான் இளக்கமான, சூடு தாங்குகிற ஆயில். இதை யாருக்கும் இரண்டு நிமிஷத்தில் விளங்கவைத்துவிடலாம். விளங்கவைக்க வாய் வராமல் நான் நின்ற ஒரு சம்பவம் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் பேனாவை எடுத்தேன்.

பேகம்பூரில் தோல் மண்டி வைத்திருக்கும் ஒரு பாய். மண்டியின் லோடு வேனை எங்களிடம்தான் விடுவார். வந்தால் பேரம் பேசுவார், கத்துவார், போகும்போது தோளில் ஒரு தட்டு தட்டிவிட்டுப் போவார். நல்ல மனுஷர். அன்றைக்கு மத்தியானம் மொபெட்டில் வந்து இறங்கினார். கால் வைக்கும் இடத்தில் ஒரு கேன். பார்த்ததும் தெரிந்தது, லாரிக்கு ஊற்றுகிற கெட்டி ஆயில்.

“அண்ணே, தம்பி கார்ல ஆயிலு தண்ணியாப் போச்சு. தொட்டுப் பாத்தேன், பிசுக்கே இல்ல. இதுல ஒரு லிட்டரு மேலாப்ல ஊத்திக் குடுங்க” என்றார்.

தம்பி என்று அவர் சொன்னது தன் மகனை. ஒரே பிள்ளை. மதுரையில் ஒரு கம்பெனியில் வேலை, தினமும் காரிலேயே போய் வந்துகொண்டிருந்தான். முந்தின வருஷம் ஆபீசில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தவனை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. முப்பது வயசு கூட நிறையவில்லை. அடக்கம் செய்த அன்றைக்கு ஜனாஸாவுக்கு நானும் போயிருந்தேன். கூட வேலை பார்த்த நண்பன் ஒருத்தன் அந்தக் காரை ஓட்டிவந்து வீட்டுக் கேட்டுக்குள் நிறுத்தி, சாவியைக் கொடுக்க முடியாமல் கொடுத்துவிட்டுப் போனதைப் பார்த்தேன். அதற்குப் பிறகு அந்தக் காரைப் பற்றி நான் கேட்டதில்லை. யார் கேட்பார்கள்?

“மேலாப்ல எதுக்கு பாய்? பழச வடிச்சுட்டு மொத்தமா புதுசு ஊத்திருவோம்” என்றேன்.

“வடிக்கக் கூடாது!”

அந்தச் சத்தத்தில் அங்கங்கே வேலையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பாய் குரலை இறக்கிக்கொண்டார். “அது அவன் ஊத்துனதுண்ணே. மவுத்தாகறதுக்குக் கொஞ்ச நாள் முந்தி, ஒரு ஞாயித்துக்கெழம. ‘ஒர்க்‌ஷாப்புல விட மாட்டேன், நானே மாத்துறேன்’னு ஒக்காந்தான். ‘அத்தா, புனல செத்த புடிங்க’ன்னான். நாந்தான் புடிச்சேன். அந்தக் காருக்குன்னு நான் செஞ்சது அது ஒண்ணுதான்.”

ஏதாவது கேட்க வேண்டுமே என்பதற்காக, டிப் ஸ்டிக்கில் ஆயில் எந்த அளவில் நிற்கிறது என்று கேட்டேன்.

“அதாண்ணே அதிசயம். கொறையவே இல்ல. மேல் கோட்டத் தாண்டி நிக்குது. அவன் ஊத்துனப்ப கோட்டுக்குக் கீழதான் இருந்துச்சு, நானே பாத்தேன். அது எப்படிண்ணே ஏறும்? அல்லா வெச்சிருக்கான்.”

ஆயில் குறையும், கறுக்கும். தானாகக் கூடாது. கூடியிருந்தால் அதில் வேறு ஏதோ கலந்திருக்கிறது.

“வண்டிய ஓட்டுறீங்களா பாய்?”

“நான் எங்கண்ணே ஓட்ட? தெனமும் விடியக்காலம் பஜ்ரு தொழுதுட்டு வந்து ஒரு அஞ்சு நிமிசம் ஸ்டார்ட் பண்ணி அணைச்சிருவேன். பேட்டரி போயிரக் கூடாதுல்ல” என்றார். சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

இந்த இடத்தில் கதையை நிறுத்திவிட்டு உங்களைத் திட்ட வேண்டும். “சும்மா நிக்கிற வண்டியத் தெனம் அஞ்சு நிமிசம் ஸ்டார்ட் பண்ணி வைங்க சார்” என்று நம் கவுண்டரில் சொல்லாத ஆள் உண்டா? வாய் கூசாமல் சொல்கிறோம். இன்ஜின் குளிர்ந்து கிடக்கும்போது கிளப்பினால் அது கூடுதலாகப் பெட்ரோலைக் குடிக்கும். அதில் எரியாத பெட்ரோல் சிலிண்டர் சுவரோடு வழிந்து கீழே ஆயிலில் கலக்கும். இந்தக் காலத்து டர்போ இன்ஜின்களில் பெட்ரோலை நேராக சிலிண்டருக்குள்ளேயே பீய்ச்சுவதால் இன்னும் அதிகமாக வழியும். வண்டியை நல்ல ரோட்டில் ஏற்றி அரைமணி நேரம் ஓட்டினால் ஆயில் நன்றாகச் சூடேறி, கலந்த பெட்ரோல் ஆவியாகிப் போய்விடும். அஞ்சு நிமிஷத்தில் அணைத்தால் எங்கே போகும்? உள்ளேயே தங்கும். மறுநாள் இன்னும் கொஞ்சம். அதற்கு மறுநாள் இன்னும் கொஞ்சம். ஆயில் இளகி இளகிக் கடைசியில் பிசுக்கு இல்லாத கறுப்புத் தண்ணியாகிவிடும். அதை நம்பி டர்போ சுற்ற வேண்டும்.

ஆக, அந்த மனுஷர், மகன் ஊற்றிய ஆயிலைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு, தினமும் விடிந்ததும் தன் கையாலேயே அதைக் கெடுத்துக்கொண்டிருந்தார். இதை அவரிடம் எந்த வாயால் சொல்வது? சொல்லாமல் விட்டால் பேரிங் தேயும், டர்போ போகும், ஒரு நாள் காலையில் அந்த இன்ஜின் இறுகிப்போய்ச் சத்தமே இல்லாமல் நின்றுவிடும். அப்போது பாய் என்ன ஆவார் என்று யோசிக்கவே பயமாக இருந்தது.

குறுக்கு வழி ஒன்று இருந்தது, மறைக்கவில்லை. வண்டியைக் கொண்டுவரச் சொல்லி, அவர் டீ குடிக்கப் போகும்போது பழசை வடித்து அதே எண் ஆயிலைப் புதிதாக ஊற்றி, “மேலாப்ல ஊத்திட்டேன் பாய்” என்று அனுப்பிவிடலாம். அவருக்குத் தெரியவே போவதில்லை. கொஞ்ச நேரம் அந்த யோசனையோடு இருந்தேன். ஆனால் மறுநாள் காலையில் அவர் மறுபடி அஞ்சு நிமிஷம் கிளப்புவார். அடுத்த வருஷம் இதே இடத்தில் இதே கேனோடு வந்து நிற்பார். ஆயிலை மாற்றினால் போதாது என்று எனக்குப் பட்டது.

“வண்டிய இந்த ஆயிலோட ஓட்டிட்டு வர வேணாம் பாய். காலைல நான் வீட்டுக்கு வாரேன். அதுவரைக்கும் ஸ்டார்ட் பண்ணாதீங்க.”

“காலைல ஒரு தடவ போட்டாகணும்ண்ணே” என்றார். ஏன் என்று கேட்டேன். கேனைத் தூக்கி மொபெட்டில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் விடிந்தும் விடியாமலும் ஜாக்கி, ஃபில்டர், புத்தகத்தில் போட்டிருந்த எண்ணில் புது ஆயில் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போனேன். நான் கேட்டைத் திறக்கும்போதே பாய் காருக்குள் இருந்தார். பையன் நல்ல உயரம், சீட்டைப் பின்னால் தள்ளிப் போட்டிருந்தான். அதை அவர் நகர்த்தவே இல்லை. சீட்டின் விளிம்பில் ஒண்டிக்கொண்டு, கால் விரல் நுனியால் கிளட்சை எட்டி மிதித்து, பட்டனை அமுக்கினார். இன்ஜின் பிடித்தது. எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி உள்ளே ஒரு சின்னத் தட்டல்.

வீட்டுக்குள்ளிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது. “தம்பி கெளம்பிட்டானா?”

“கெளம்பிட்டான், கெளம்பிட்டான். நீ சாப்புடு” என்றார் பாய், ஸ்டியரிங்கைப் பார்த்தபடியே.

பாய் வண்டியை அணைத்துவிட்டு இறங்கி என் கையைப் பிடித்துக் கேட்டுக்கு அந்தப் பக்கம் கூட்டிப்போனார்.

“பேட்டரிக்காக இல்லண்ணே. அவன் போனதும் இவ காய்ச்சல்ல விழுந்துட்டா. புத்தி ஒரு நெலையில இல்ல. ‘தம்பி கெளம்பிட்டானா, கெளம்பிட்டானா’ன்னு ஒரே அனத்தல். ஒரு வாய் கஞ்சி எறங்கல. அவன் கார் சத்தம் கேட்டப்புறந்தான் அவ எப்பவும் நாஸ்தா சாப்புடுவா, அது பழக்கம். மனசு பொறுக்காம ஒரு நா நான் போயி ஸ்டார்ட் பண்ணேன். ‘கெளம்பிட்டான், நீ சாப்புடு’ன்னேன். சாப்ட்டாண்ணே. அன்னையிலருந்து இதான். பெட்ரோலு தீந்தப்ப கேன்ல வாங்கியாந்து ஊத்துனேன். இந்தச் சத்தம் நின்னுச்சுன்னா அவ சோறு திங்க மாட்டா. அதுக்குத்தான் கெட்டி ஆயிலு கேட்டேன்.”

எதையும் இப்போது சொல்ல வேண்டாம் என்று நினைத்து, ஜாக்கிக்கு முட்டுக் கொடுக்க இரண்டு கனமான பலகை வேண்டும் என்று மட்டும் சொன்னேன். மண்டியில் கிடக்கிறது, எடுத்து வாரேன் என்று மொபெட்டில் கிளம்பினார்.

நான் பானெட்டைத் தூக்கி டிப் ஸ்டிக்கை உருவினேன். பெட்ரோல் வாடை மூக்கில் அடித்தது. பின்னால் கிளாஸ் வைக்கும் சத்தம் கேட்டுத் திரும்பினேன். பாயின் மனைவி, நான் அக்கா என்று கூப்பிடுகிறவர், டீயை வைத்துவிட்டு நின்றிருந்தார். முகம் மெலிந்திருந்தது, ஆனால் பார்வை தெளிவாக இருந்தது.

“காருக்கு மோசமாண்ணே?” என்று கேட்டார்.

புத்தி தடுமாறியவரிடம் என்ன பதில் சொல்வது என்று நான் திணறுவது அவருக்குத் தெரிந்துவிட்டது.

“என்னயப் பத்தி அவரு என்ன சொல்லியிருப்பாருன்னு தெரியும்ண்ணே. எனக்குத் தெளிஞ்சு எம்புட்டோ நாளாச்சு. எம் புள்ள மண்ணுக்குள்ள இருக்கான்னு எனக்குத் தெரியாதா?”

“அப்புறம் ஏன்க்கா கேக்குறீங்க?”

“கேக்கலேன்னா அவரு எந்திரிக்க மாட்டாருண்ணே.” சேலைத் தலைப்பை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டார். “எனக்குக் காய்ச்ச விட்டதும் ரெண்டு நா நான் கேக்காம இருந்து பாத்தேன். செவுத்தப் பாத்துப் படுத்தவருதான், எந்திரிக்கல. தொழுகைக்குப் போகல, மண்டியத் தெறக்கல. மூணாம் நா மறுபடி கேட்டேன். எந்திரிச்சு ஓடுனாரு. அப்படியே விட்டுட்டேன். தெனமும் அந்த வார்த்தையக் கேக்கும்போது என் ஈரக்கொலையே எரியுதுண்ணே. அவரு ‘கெளம்பிட்டான்’னு சொல்லும்போது இன்னும் எரியுது. என்ன செய்ய, சொல்லுங்க.”

டீயை எடுத்து ஒரே மடக்கில் குடித்தேன், நாக்குச் சுட்டது. ஒருத்தருக்காக ஒருத்தர் என்று இரண்டு பேரும் தினம் காலையில் நெருப்பை விழுங்கிக்கொண்டிருந்திருக்கிறார்கள். நடுவில் அந்த இன்ஜின் செத்துக்கொண்டிருந்தது. ஆயில் எப்படிக் கெட்டது என்பதை அக்காவிடம் மறைக்காமல் சொன்னேன்.

“அப்ப நான் கேட்டுக் கேட்டுத்தான் இது கெட்டுச்சா?” என்றார்.

“அப்படியெல்லாம் இல்லக்கா” என்றேன்.

பாய் பலகையோடு வந்து சேர்ந்தார். இனியும் தள்ளிப்போட முடியாது. ஆட்டுத்தோலைத் தொட்டும் முகர்ந்தும் தரம் பிரிக்கிறவர் அவர், அவரிடம் எண்ணும் எழுத்தும் பேசிப் பயனில்லை. புது ஆயில் டப்பாவைத் திறந்து ஒரு சொட்டை அவருடைய இடது கையில் விட்டேன். டிப் ஸ்டிக்கிலிருந்து ஒரு சொட்டை வலது கையில் விட்டேன். “மோந்து பாருங்க பாய்” என்றேன்.

இடது கையை முகர்ந்தார். வலது கையை முகர்ந்தார். மறுபடியும் முகர்ந்தார். விரல்களைத் தேய்த்துப் பார்த்தார்.

“பெட்ரோலு” என்றார். “மொதல்லயே இந்த வாசம் வந்துச்சுண்ணே. கார்னா அப்படித்தான் வரும்னு நெனச்சேன்.” மறுபடி இரண்டு கையையும் பார்த்தார். “நானா கலந்தேன்? நான் தெனமும் போட்டது…?”

தோல் வியாபாரிக்கு விளக்கம் தேவைப்படவில்லை. அவர் முகம் போன போக்கை இன்றைக்கும் என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

தம்பிகளா, தாயிகளா, இங்கேதான் நம் வேலை இருக்கிறது. மனசு இளகி, பரவாயில்லை பாய், இனிமேல் வாரத்துக்கு ஒரு தடவை மட்டும் போடுங்கள் என்று சொல்லிவிடத் தோன்றும். அது ஆறுதல் மாதிரி இருக்கும், ஆனால் பொய். நான் இப்படிச் சொன்னேன்: “பாய், இது நீங்க செஞ்ச தப்பு இல்ல. நிக்க வெச்சே ஓட்டுனா எந்த டர்போ வண்டிக்கும் இதான் கதி. எந்த ஆயிலும் இதத் தாங்காது. கெட்டி ஆயிலு இன்னும் மோசம். தம்பி ஊத்துனது நல்ல ஆயிலுதான், ஆனா அது இப்ப உள்ள இல்ல. இனிமே இந்த வண்டிய எடுத்தா ரோட்டுல ஏத்தி நல்லா சூடேற ஓட்டணும். இல்லேன்னா தொடவே கூடாது. ரெண்டுல ஒண்ணு.”

அவர் வீட்டுப் பக்கம் பார்த்துவிட்டு என்னிடம் கிசுகிசுத்தார். “ரோட்டுல ஓட்டுனா நான் திரும்பி வரணும்ல? ‘தம்பி எங்க’ன்னு கேப்பாளே, நான் என்னத்தச் சொல்ல?”

அக்கா வாசலில்தான் நின்றிருந்தார். “கேக்க மாட்டேன்” என்றார். “எனக்கு எல்லாம் தெரியும்ங்க. ரொம்ப நாளாவே தெரியும். நீங்க எந்திரிக்கணுமேன்னுதான் கேட்டேன்.”

பாய் திரும்பி அவரைப் பார்த்தார்.

அந்த இடத்தில் மூன்றாவது ஆளாக நிற்பது மரியாதை இல்லை. ஜாக்கி வைத்துத் தூக்கி, பலகையை முட்டுக் கொடுத்து, காருக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டேன். வேலையை ஆரம்பிக்கவில்லை, சும்மாதான் கிடந்தேன். அங்கிருந்து எனக்கு நான்கு பாதங்கள் மட்டும் தெரிந்தன. முதலில் தூரத்தில் இருந்தன. அப்புறம் ஒன்றாக நின்றன. பாய் அழுதார். சத்தம் போட்டு அழுதார். அக்கா அவர் முதுகைத் தடவிக் கொடுக்கும் சத்தம் கேட்டது. ஆயில் கறை படிந்த கையால் நானும் கண்ணைத் துடைத்துக்கொண்டேன், எரிந்தது.

கொஞ்ச நேரம் கழித்துப் பாய் குனிந்து எட்டிப் பார்த்தார். “எடுத்துருங்கண்ணே” என்றார்.

போல்ட்டைக் கழற்றினேன். கறுப்பாக, தண்ணீர் மாதிரி, விறுவிறுவென்று இறங்கியது. நல்ல ஆயில் என்றால் கடைசியில் நின்று நின்று சொட்டும், இது சட்டென்று முடிந்துவிட்டது. ஃபில்டரை மாற்றிப் புதுசை ஊற்றும்போது பாயைக் கூப்பிடவில்லை, நானே புனலைப் பிடித்துக்கொண்டேன். அவர் முகம் கழுவப் போயிருந்தார். அவர் கொண்டுவந்த லாரி ஆயில் பிறகு லோடு வேனுக்கு ஆயிற்று.

புது ஆயில் ஊற்றிய வண்டியை ஓட்டிப் பார்த்துத் தட்டல் நிற்கிறதா என்று கேட்காமல் நான் போக முடியாது. பாயைத்தான் ஓட்டச் சொன்னேன், மண்டி வேனை ஓட்டிப் பழகியவர்தான். அவர் உள்ளே உட்கார்ந்து கால் எட்டாமல் விளிம்புக்கு நகர்ந்தார்.

“சீட்ட முன்னால இழுக்கணும் பாய். அப்படியே ஓட்டுனா பிரேக்கு எட்டாது.”

கையைக் கீழே விட்டு லீவரைப் பிடித்தார். பிடித்துக்கொண்டே இருந்தார். அக்கா வந்து முன்சீட்டில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து கதவைச் சாத்தினார். “இழுங்க” என்றார். சீட்டு கடகடவென்று முன்னால் வந்தது.

நான் பின்னால் ஏறிக்கொண்டேன். ஊருக்குள் மெதுவாகத்தான் போனார், தோல் ஏற்றிய வேனை ஓட்டுகிற மாதிரி. மதுரை நாலுவழிச் சாலையில் ஏறியதும் இடது ஓரத்திலேயே உருட்டிக்கொண்டு வந்தார். தட்டல் நின்றிருந்தது. இன்ஜினும் நன்றாகச் சூடேறியிருந்தது. பேரிங் தப்பித்தது என்று எனக்கு உயிர் வந்தது.

“பாய், ரோடு காலியா இருக்கு. மூணாவது கியர்ல வெச்சு ஒரு மிதி மிதிங்க. டர்போ இழுக்குதான்னு பாக்கணும்.”

மிதித்தார். ஒரு கணம் ஒன்றுமில்லை. அப்புறம் முன்னால் யாரோ கயிறு கட்டி இழுத்த மாதிரி வண்டி பாய்ந்தது. எங்கள் மூன்று பேர் முதுகும் சீட்டில் ஒட்டிக்கொண்டது. பாய் பதறிக் காலை எடுத்தார்.

“யா அல்லா! இம்புட்டு இழுக்குமா இது?”

“இதுக்குத்தான் பாய் தம்பி வாங்குனதே.”

மறுபடி மிதித்தார். மறுபடி பாய்ந்தது. பாய் சிரித்தார். அந்த மனுஷர் சிரித்துப் பார்த்தது எனக்கு அந்த ஒரு வருஷத்தில் அன்றைக்குத்தான். “கள்ளப்பய, இப்படியா ஓட்டிட்டுப் போயிருக்கான் தெனமும்? பாத்தியா, பாத்தியா?” என்று அக்காவைப் பார்த்துச் சிரித்தவரின் குரல் அப்படியே உடைந்தது. இண்டிகேட்டர் போட்டு ஓரமாக ஒதுக்கி நிறுத்திவிட்டார்.

“கூப்பிட்டுக்கிட்டே இருப்பாண்ணே. ‘அத்தா, ஒரே ஒரு தடவ எங்கூட வாங்க, மதுர வரைக்கும் போயிட்டு வருவோம். என் கார் எப்படிப் போவுதுன்னு பாருங்க’ன்னு. பெட்ரோலக் கொட்டிக் குடிக்கிற காரு, இதுல போயி நான் என்னத்தப் பாக்கன்னு சொன்னேன். ஒவ்வொரு தடவையும் சொன்னேன். ஒரு தடவ ஏறியிருக்கலாம்ல? ஒரு தடவ பக்கத்துல ஒக்காந்திருக்கலாம்ல…”

ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துக்கொண்டார். அக்காவும் அப்போதுதான் அழ ஆரம்பித்தார். லாரிகள் பக்கத்தில் இரைந்துகொண்டு போயின. பாய் அழுகையோடு அழுகையாக, வண்டியை அணைக்கப் பட்டன் பக்கம் கையைக் கொண்டுபோனார்.

விரட்டி வந்த டர்போ வண்டியை உடனே அணைக்கக் கூடாது என்று உங்களுக்குத் தெரியும். டர்போ நெருப்பாகத் தகித்துக்கொண்டிருக்கும். ஆயில் ஓட்டம் நின்றால் உள்ளே தங்கியது அங்கேயே கருகிக் கரியாகிவிடும். சூடு இறங்க ஒரு நிமிஷம் சும்மா ஓடவிட வேண்டும்.

“ஒடனே அணைக்காதீங்க பாய். டர்போ சூடா இருக்கு. செத்த நேரம் ஓடட்டும்” என்றேன்.

அவர் கையை எடுத்துக்கொண்டார். வண்டி ஓடிக்கொண்டிருந்தது. அந்தச் சத்தத்துக்குள் உட்கார்ந்து இரண்டு பேரும் அழுதார்கள். நான் கண்ணாடி வழியாக வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன்.

நெடுநேரம் கழித்துப் பாய் சட்டைக் கையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, திரும்பாமலே கேட்டார். “இப்ப அணைக்கலாமாண்ணே?”

டர்போ எப்போதோ ஆறியிருந்தது.

“இன்னும் கொஞ்சம் ஓடட்டும் பாய்” என்றேன்.